பிரவுசர் கேமில் காசை ஏற்றுவது எப்படி: சீட் எஞ்சின் எங்கே எடுபடும், எங்கே எடுபடாது

சீட் எஞ்சின் போன்ற மெமரி எடிட்டர் செய்வது ஒரே ஒரு வேலைதான். உங்கள் கணினியின் ராமில் கிடக்கும் ஓர் எண்ணைத் தேடிப் பிடித்து, அதன்மேல் வேறோர் எண்ணை எழுதுகிறது. அந்த எண் உங்கள் ராமில் இல்லாவிட்டால் எந்த எடிட்டராலும் ஒன்றும் ஆகாது. ராமில் இருந்தாலும், எந்த வடிவில் இருக்கிறது என்று தெரியாமல் தேடினால் கிடைக்காது. டெஸ்க்டாப் கேம்களுக்கு எழுதிய பாடத்தை வைத்துக்கொண்டு பிரவுசர் கேமில் இறங்குபவர்கள் பெரும்பாலும் தோற்பது இந்த இரண்டாவது காரணத்தால்தான். திரையில் 150 என்று தெரிவதால் ராமிலும் 150 என்றே இருக்கும் என்று நினைத்துவிடுகிறார்கள். குரோமில் பல சமயம் அங்கே இருப்பது 300.

ஆகவே ஸ்கேன் பட்டனைத் தொடுவதற்கு முன்னால் எண் எங்கே குடியிருக்கிறது என்று கண்டுபிடியுங்கள். ஒரு நிமிட வேலை இது. கேம் முழுவதும் லோட் ஆனதும் வைஃபையை நிறுத்துங்கள், கேபிள் என்றால் பிடுங்குங்கள். டெவ் டூல்ஸில், அதாவது எஃப்12 அழுத்தினால் பிரவுசரில் திறக்கும் கருவிகளில், இருக்கும் ஆஃப்லைன் தேர்வை இதற்கு நம்ப வேண்டாம். சர்வரோடு ஏற்கெனவே திறந்திருக்கும் வெப்சாக்கெட் இணைப்பு அதில் அறுபடாமல் ஓடிக்கொண்டே இருக்கக்கூடும். இணைப்பு இல்லாமலே காசு சம்பாதிக்கவும் கடையில் செலவழிக்கவும் முடிகிறதா? அப்படியானால் எண் உங்கள் கணினியில் இருக்கிறது, மேலே படியுங்கள். வாங்கும் பட்டனை அழுத்தியதும் சக்கரம் சுற்றிக்கொண்டே நிற்கிறதா, இணைப்பு போய்விட்டது என்று செய்தி வருகிறதா? அப்படியென்றால் எண் சர்வரில் இருக்கிறது. நீங்கள் திரையில் பார்ப்பது அதன் நகல் மட்டுமே.

நகலை மாற்றினால் என்ன ஆகும் என்பது மொரீஷியஸில் இருந்து விளையாடுகிறவர்களுக்குக் கண்ணாலேயே தெரியும். ஐரோப்பாவில் இருக்கும் சர்வருக்கு ஒரு செய்தி போய்த் திரும்ப நமக்கு ஏறக்குறைய 200 மில்லிசெகண்ட் பிடிக்கிறது. காசை 99999 ஆக்குவீர்கள். திரையிலும் 99999 என்று வரும். ஒரு பொருளை வாங்க அழுத்துவீர்கள். ஒரு கணம் வாங்கிவிட்டது போலத் தோன்றும். சர்வரின் பதில் வந்து சேர்ந்ததும் எண் பழைய நிலைக்குத் திரும்பிவிடும். அந்தக் கண நேரத் தாமதத்தை நம்பி, சரியான முகவரியைப் பிடித்துவிட்டோம், இன்னும் ஏதோ ஒரு தந்திரம்தான் பாக்கி என்று மணிக்கணக்கில் உட்கார்ந்திருப்பவர்கள் உண்டு. அங்கே தந்திரம் எதுவும் இல்லை. கணக்குப் புத்தகம் சர்வரிடம் இருக்கிறது.

எடிட்டரை இறக்கும்போது

விண்டோஸில் பரவலாகப் பயன்படுவது சீட் எஞ்சின். எரிக் ஹெய்னன் எழுதியது, லசாரஸ் என்ற நிரலாக்கக் கருவியில் உருவானது, மூல நிரல் கிட்ஹப்பில் திறந்தே இருக்கிறது. அதன் சொந்தத் தளத்தில் இருந்து மட்டும் இறக்குங்கள். அங்கிருந்து இறக்கினாலும் இன்ஸ்டாலர் நடுவில் நிறுத்தி, சம்பந்தமில்லாத வேறு மென்பொருள்களைச் சேர்த்துக்கொள்ளச் சொல்லும். ஒவ்வொரு திரையையும் படித்து, வேண்டாம் என்று அழுத்திக்கொண்டே போக வேண்டும். விண்டோஸ் டிஃபெண்டர் இதை ஹேக் டூல் என்று குறித்துத் தடுக்கலாம். அதற்காக டிஃபெண்டர் முழுவதையும் அணைத்துவிடாதீர்கள்; அந்த ஒரு ஃபோல்டருக்கு மட்டும் விலக்கு கொடுத்தால் போதும். வீடியோவுக்குக் கீழே பாஸ்வேர்ட் போட்ட ஆர்க்கைவாகக் கிடைக்கும் ரெடிமேட் ஹேக்குகள் வேறு வகை. பாஸ்வேர்ட் போடுவதே ஆண்டிவைரஸ் உள்ளே பார்க்க முடியாதபடி செய்யத்தான். உள்ளே பெரும்பாலும் இருப்பது பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டுகளைத் திருடும் நிரல்.

லினக்ஸில் ஸ்கேன்மெம், அதற்கு முகப்பாக கேம்கான்கரர் இருக்கின்றன. ரூட் அனுமதி வேண்டும். பள்ளிக்கூடக் கணினி அறையில் இதை நிறுவ முயல வேண்டாம். அட்மினிஸ்ட்ரேட்டர் பாஸ்வேர்ட் கேட்கும். அதை எப்படியாவது தாண்டிப் போனால் அது கேம் விஷயமாக இருக்காது, பிறர் கணினியில் அனுமதியின்றி நுழைந்த விஷயமாகிவிடும்.

முதலில் சீட் எஞ்சினுடன் சேர்ந்து வரும் பயிற்சி நிரலைத் திறந்து முதல் நான்கு படிகளை முடியுங்கள். இரண்டாம் படியில் 100 என்று தெரியும் உயிரைத் தேடி 1000 ஆக்க வேண்டும். மூன்றாவதில் எண்ணே தெரியாது, கூடியதா குறைந்ததா என்பதை வைத்து மட்டும் வடிகட்ட வேண்டும். நான்காவதில் ஃப்ளோட்டும் டபுளும், அதாவது பின்ன எண்களை வைக்கும் 4 பைட், 8 பைட் வகைகள், வரும். இந்த மூன்று பழக்கமும் கைக்கு வந்தபின் பிரவுசருக்கு வாருங்கள்.

சரியான புராசஸைப் பிடிப்பது

குரோமும் எட்ஜும் ஒரே பெயரில் இருபது முப்பது புராசஸ்களாக, அதாவது தனித்தனியாக ஓடும் நிரல்களாக, ஓடும். சீட் எஞ்சின் பட்டியலில் எல்லாம் ஒன்றுபோல இருக்கும். ஊகித்துத் திறக்க வேண்டாம். கேமை மட்டும் தனி விண்டோவில் வைத்து, ஷிஃப்ட்டும் எஸ்கேப்பும் சேர்த்து அழுத்துங்கள் (பிரெஞ்சுக் கீபோர்டில் ஷிஃப்ட்டின் பெயர் மஜ்). பிரவுசரின் சொந்த டாஸ்க் மேனேஜர் திறக்கும். அதில் புராசஸ் ஐடி என்ற பத்தியைப் பாருங்கள். இல்லையென்றால் தலைப்பில் வலது கிளிக் செய்து சேர்த்துக்கொள்ளலாம்.

இரண்டு பொறிகள் இங்கே. முதலாவது: கேம் போர்ட்டல்களில் கேம் பெரும்பாலும் ஓர் ஐஃப்ரேமுக்குள், அதாவது பக்கத்துக்குள் பதித்த இன்னொரு பக்கத்துக்குள், வேறு டொமைனில் இருந்து வருகிறது. 2018-இல் குரோம் 67 வந்ததில் இருந்து தளங்களைத் தனித்தனியாகப் பிரித்து வைக்கும் சைட் ஐசொலேஷன் காரணமாக அந்த ஐஃப்ரேம் தனிப் புராசஸில் ஓடுகிறது. ஆகவே டேப் என்று இருக்கும் வரியை விட்டுவிட்டு, அதன் கீழே சப்ஃப்ரேம் என்று தொடங்கும் வரிகளைப் பாருங்கள். விளம்பரங்களும் சப்ஃப்ரேம்களாகவே இருக்கும். மெமரியும் சிபியுவும் அதிகம் தின்பது எதுவோ அதுதான் கேம். இரண்டாவது: பிரவுசர் அந்த ஐடியைப் பத்தடிமான எண்ணாகக் காட்டும், சீட் எஞ்சின் ஹெக்ஸில், அதாவது பதினாறடிமானத்தில், காட்டும். பிரவுசரில் 13328 என்று இருந்தால் சீட் எஞ்சினில் 00003410 என்று தேட வேண்டும். விண்டோஸ் கால்குலேட்டரைப் புரோகிராமர் முறைக்கு மாற்றினால் உடனே மாற்றித் தரும்.

ஃபயர்பாக்ஸில் முகவரிப் பட்டையில் அபவுட், முக்காற்புள்ளி, புராசஸஸ் என்று ஆங்கிலத்தில் அடித்தால் எந்தத் தளம் எந்த ஐடியில் ஓடுகிறது என்று தெளிவாக வரும்.

இன்னொன்று, இதைக் கவனிக்காமல் பலர் குழம்புகிறார்கள்: கேம் விண்டோவை சீட் எஞ்சின் முழுவதும் மறைத்துவிட்டால், குரோம் அதை மறைந்த விண்டோ என்று எடுத்துக்கொண்டு அனிமேஷனை நிறுத்திவிடும், டைமர்களையும் மெதுவாக்கிவிடும். நீங்கள் எண்ணை மாற்றியிருப்பீர்கள், கேம் நகராது. இரண்டு விண்டோக்களையும் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள்.

குரோமில் எண் ஏன் இரட்டிப்பாக இருக்கிறது

சாதாரண ஜாவாஸ்கிரிப்ட்டில் எழுதிய கேம்கள், அதாவது கிளிக்கர்கள் (அழுத்த அழுத்தக் காசு சேரும் கேம்கள்), புதிர்கள், ஆர்பிஜி மேக்கர் எம்வி கேம்கள் போன்றவை, குரோமில் வி8 எஞ்சினில் ஓடுகின்றன. வி8 ஒரு முழு எண்ணை அப்படியே வைப்பதில்லை. 2020-இல் குரோம் 80-உடன் பாயிண்டர் கம்ப்ரஷன் வந்தபின், சிறிய முழு எண் ஒவ்வொன்றும் 4 பைட் இடத்தில் ஒரு பிட் இடதுபக்கம் தள்ளி வைக்கப்படுகிறது. ஒரு பிட் தள்ளினால் இரண்டால் பெருக்கியதற்குச் சமம். கடைசி பிட் 0 என்றால் அது எண், 1 என்றால் அது வேறோர் ஆப்ஜெக்டுக்கான பாயிண்டர், அதாவது அந்த ஆப்ஜெக்ட் இருக்கும் இடத்தின் முகவரி. எண்ணும் பாயிண்டரும் ஒரே வகை இடத்தில் உட்காருவதால் வி8 இந்த ஒரு பிட்டை வைத்தே பிரித்தறிகிறது.

இதைக் கண்ணால் பார்த்துவிடுவது நல்லது. நோட்பேடில் ஒரு சின்ன வலைப்பக்கம் எழுதுங்கள்: ஓர் ஆப்ஜெக்ட், அதற்குள் காசு என்று ஓர் எண், தொடக்கம் 150, ஒரு பட்டன், அழுத்தினால் 25 கூடித் திரையில் காட்ட வேண்டும். குரோமில் திறந்து புராசஸைப் பிடியுங்கள். சீட் எஞ்சினில் வால்யூ டைப் 4 பைட்ஸ், எக்ஸாக்ட் வால்யூ, 300 என்று முதல் ஸ்கேன். ஆயிரக்கணக்கில் வரும். பட்டனை அழுத்துங்கள், திரையில் 175. இப்போது 350 என்று நெக்ஸ்ட் ஸ்கேன். மறுபடி அழுத்தி 400. மூன்று நான்கு சுற்றில் ஒன்றோ இரண்டோ மிஞ்சும். அதில் 20000 என்று எழுதுங்கள். திரையில் எதுவும் மாறாது, ஏனென்றால் திரையில் இருப்பது ஏற்கெனவே எழுதி முடித்த உரை. பட்டனை அழுத்தினால் 10025 என்று வரும். கேமிலும் இதேதான்: மாற்றியபின் ஒரு காசாவது சம்பாதியுங்கள் அல்லது செலவழியுங்கள், அப்போதுதான் தெரியும்.

அதே இடத்தில் 20001 என்று எழுதினால் டேப் செத்துப்போகும். ஒற்றைப்படை எண்ணின் கடைசி பிட் 1. வி8 அதைப் பாயிண்டர் என்று எடுத்துக்கொண்டு, அது காட்டும் இடத்தில் ஓர் ஆப்ஜெக்டைத் தேடிப் போகும். அங்கே இருப்பது குப்பை. சீட் எஞ்சினால் டேப் உடைகிறது என்ற புகார்களில் பெரும்பகுதி இதுதான்: 99999, 999999 என்று ஒன்பதாக அடிப்பது எல்லோருக்கும் கைப்பழக்கம், அவை எல்லாம் ஒற்றைப்படை. குரோமில் ஜாவாஸ்கிரிப்ட் எண்ணை மாற்றும்போது வேண்டிய தொகையை இரண்டால் பெருக்கி, இரட்டைப்படையாக மட்டும் எழுதுங்கள்.

உச்சவரம்பும் உண்டு. இப்படி வைக்கக்கூடிய மிகப்பெரிய எண் 1073741823. அதைத் தாண்டினாலோ, ஒரு முறையாவது பின்னம் சேர்ந்தாலோ, எண் 8 பைட் டபுளாக மாறிவிடும். அப்போது இரண்டால் பெருக்கக் கூடாது. வால்யூ டைப்பில் டபுள் என்று வைத்து உண்மையான எண்ணையே தேட வேண்டும். விநாடிக்கு 0.1 என்று வருமானம் சேரும் கிளிக்கர்களில் காசு எப்போதும் டபுள்தான். திரையில் 12 என்று இருக்கும், உள்ளே 12.4837 இருக்கும். ரவுண்டிங் தேர்வில் டிரங்கேட்டட் என்பதை எடுங்கள், அல்லது 12-க்கும் 13-க்கும் நடுவில் என்று தேடுங்கள்.

தேடும் வரிசை இப்படி இருக்கட்டும்: 4 பைட்ஸில் இரண்டு மடங்கு, பிறகு டபுள், பிறகு 4 பைட்ஸில் அதே எண், கடைசியில் ஃப்ளோட். கடைசி இரண்டும் டைப்ட் அரேயில், அதாவது ஒரே வகை எண்களை மட்டும் வைக்கும் பட்டியலில், எண்களை வைக்கும் கேம்களுக்கு.

ஃபயர்பாக்ஸில் இந்தப் பெருக்கல் இல்லை. அதன் ஸ்பைடர்மங்கி எஞ்சின் ஒவ்வொரு மதிப்புக்கும் 8 பைட் கொடுக்கிறது; முழு எண் கீழ் 4 பைட்டில் அப்படியே இருக்கும், மேல் 4 பைட்டில் வகைக் குறி இருக்கும். 4 பைட்ஸ் என்று தேடி 4 பைட்ஸ் மட்டும் எழுதுங்கள். 8 பைட்ஸ் என்று எழுதினால் குறி அழிந்து, எண் ஏதோ நுண்ணிய பின்னமாகிவிடும். ஜாவாஸ்கிரிப்ட் கேம் என்றால் குரோமைவிட ஃபயர்பாக்ஸில் செய்வதே எளிது, தவறும் குறைவு.

முகவரி ஏன் ஓடிப்போகிறது

சரியாகப் பிடித்து மாற்றினீர்கள், ஐந்து நிமிடம் கழித்து அதே முகவரியில் சம்பந்தமில்லாத எண் இருக்கிறது. இது குப்பை அள்ளியின் வேலை, அதாவது கார்பேஜ் கலெக்டர். புதிதாகப் பிறந்த ஆப்ஜெக்டுகளை வி8 ஒரு சின்னப் பகுதியில் வைக்கிறது. அந்தப் பகுதி அடிக்கடி சுத்தம் செய்யப்படும்; உயிரோடு இருப்பவை வேறிடத்துக்கு நகலெடுக்கப்படும். இரண்டு சுற்றுத் தாக்குப்பிடித்தவை பழைய பகுதிக்குப் போய்ச் சேரும். அங்கே நகர்வது அரிது, ஆனால் இல்லவே இல்லை என்று சொல்ல முடியாது.

ஆகவே கேம் திறந்த உடனே தேடாதீர்கள். சில நிமிடம் விளையாடிவிட்டுத் தேடுங்கள். அவசரமென்றால் குரோமின் டெவ் டூல்ஸில் மெமரி பலகத்தைத் திறந்தால் கார்பேஜ் கலெக்ஷனை உடனே ஓடவைக்கும் பட்டன் ஒன்று இருக்கும். அதை இரண்டு முறை அழுத்திவிட்டு முதல் ஸ்கேனைத் தொடங்குங்கள். ஃபயர்பாக்ஸில் அபவுட் மெமரி பக்கத்தில் ஜிசி என்ற பட்டன் இதே வேலையைச் செய்யும்.

இதே காரணத்தால் ஜாவாஸ்கிரிப்ட் கேமில் எண்ணை மாறாமல் பூட்டி வைக்கும் ஃப்ரீஸ் பெட்டியில் டிக் போட்டு விட்டுவிடக் கூடாது. ஆப்ஜெக்ட் நகர்ந்தபின் அந்த இடத்தில் வேறெதுவோ குடியேறியிருக்கும். சீட் எஞ்சின் அதன்மேல் விடாமல் உங்கள் எண்ணை எழுதிக்கொண்டே இருக்கும். டேப் உடைவது வெறும் நேரக் கணக்கு. மாற்றுங்கள், செலவழியுங்கள், முகவரியைப் பட்டியலில் இருந்து நீக்குங்கள். மறுமுறையும் அதே எண்ணைக் கண்டுபிடிக்க நிலையான வழி தேடும் பாயிண்டர் ஸ்கேனும் இங்கே வீண் உழைப்பு. பக்கத்தை ரீலோட் செய்தால் எல்லாம் புதிது.

வெப்அசெம்ப்ளி கேம்கள்: இங்கேதான் மெமரி எடிட்டர் உண்மையில் பலிக்கிறது

யூனிட்டி, கோடோ போன்ற எஞ்சின்களில் செய்த பிரவுசர் கேம்கள் வெப்அசெம்ப்ளியாக, அதாவது பிரவுசரில் ஓடும் தொகுத்த நிரலாக, வருகின்றன. டெவ் டூல்ஸின் நெட்வொர்க் பலகத்தைத் திறந்து பக்கத்தை ரீலோட் செய்தால் வாஸ்ம் வகையில் பெரிய கோப்பு ஒன்று இறங்குவதைக் காணலாம். இந்தக் கேம்களுக்கு பிரவுசர் ஒரே நீளமான மெமரித் துண்டைக் கொடுக்கிறது. 64 கிலோபைட் பக்கங்களாக வளரும், வழக்கமான 32 பிட் வகையில் உச்சம் 4 கிகாபைட். அதற்குள் கேம் தன் எண்களை டெஸ்க்டாப் கேம் போலவே வைத்துக்கொள்ளும். இரண்டால் பெருக்க வேண்டாம். ஒற்றைப்படை பயம் இல்லை. தவறான இடத்தில் எழுதினாலும் கெடுவது அந்தத் துண்டுக்குள் இருக்கும் கேம் மட்டும்தான்.

யூனிட்டியில் முழு எண் 4 பைட்ஸ், உயிர், வேகம் போன்றவை ஃப்ளோட். யூனிட்டியின் கார்பேஜ் கலெக்டர் ஆப்ஜெக்டுகளை நகர்த்துவதில்லை, ஆகவே ரீலோட் செய்யும்வரை முகவரி நிற்கும், ஃப்ரீஸும் பலிக்கும். கோடோவின் ஜிடிஸ்கிரிப்ட் மாறிகள் வேறு: முழு எண் 8 பைட்ஸ், பின்னம் டபுள். யூனிட்டிப் பழக்கத்தில் கோடோ கேமில் ஃப்ளோட் என்று தேடினால் நாள் முழுக்கத் தேடலாம், கிடைக்காது. இரண்டிலும் ஒன்றுமே வராவிட்டால் சீட் எஞ்சினின் ஸ்கேன் செட்டிங்ஸில் மெம் மேப்ட் என்ற பெட்டியில் டிக் போட்டு மறுபடி பாருங்கள்.

அதற்கும் அகப்படாத எண்கள் உண்டு. சில கேம்கள் காசை ஒரு சாவி எண்ணோடு எக்ஸார் செய்து, அதாவது பிட் பிட்டாகக் கலந்து, மறைத்து வைக்கும். பக்கத்தில் சோதனைக்காக உண்மை எண்ணின் நகலையும் வைத்து, அதை மட்டும் யாராவது மாற்றினால் ஏமாற்று என்று கண்டுபிடித்துவிடும். அன்நோன் இனிஷியல் வால்யூ என்று தொடங்கி, காசு மாறும்போது சேஞ்ச்ட், மாறாதபோது அன்சேஞ்ச்ட் என்று மாற்றி மாற்றி வடிகட்டினால் இடம் அகப்படலாம். இருப்பதைப் புரிந்து எழுதுவது அடுத்த கட்ட வேலை. அவ்வளவு தூரம் போவதைவிட அந்தக் கேமை நேர்மையாக விளையாடி முடிப்பது சீக்கிரம்.

பழைய ஃபிளாஷ் பாடங்களில் எட்டால் பெருக்கு, சில சமயம் ஆறு கூட்டு என்று இருக்கும். அது அடோபியின் பிளேயர் எண்களை வைத்த முறை. 2020 டிசம்பர் 31-உடன் அடோபி ஃபிளாஷை நிறுத்திவிட்டது, 2021 ஜனவரி 12 முதல் பிளேயரே கேம்களை ஓட்ட மறுத்துவிட்டது. இன்று தளங்களில் ஓடுவது ரஃபிள் என்ற எமுலேட்டர், அதுவும் வெப்அசெம்ப்ளிதான். எட்டை மறந்துவிட்டு டபுளில் தேடத் தொடங்குங்கள்.

ஸ்பீட்ஹேக் ஏன் குரோமில் வேலை செய்வதில்லை

எண்ணைப் படிப்பதும் எழுதுவதும் வெளியில் இருந்தே நடக்கும். கேமின் வேகத்தைக் கூட்டிக் குறைக்கும் ஸ்பீட்ஹேக் அப்படி இல்லை. சீட் எஞ்சின் தன் டிஎல்எல் கோப்பை (விண்டோஸ் நிரல் துண்டு) கேம் புராசஸுக்குள் நுழைத்து, நேரம் சொல்லும் விண்டோஸ் ஃபங்ஷன்களை மாற்றி வைக்க வேண்டும். 2019 இறுதியில் இருந்து குரோம் தன் ரெண்டரர் புராசஸ்களுக்குள், அதாவது பக்கங்களை ஓட்டும் புராசஸ்களுக்குள், வெளியார் டிஎல்எல் நுழைவதைத் தடுக்கிறது. அந்தத் தடுப்பு உங்கள் பாஸ்வேர்டைக் காக்கும் அதே தடுப்பு. ஒரு கேமுக்காக சாண்ட்பாக்ஸை (பக்கங்களை அடைத்து வைக்கும் பாதுகாப்பு வேலி) அணைக்கும் தேர்வுகளைப் போட்டு பிரவுசரைத் திறக்க வேண்டாம், அந்த பிரவுசரில் உங்கள் வங்கிக் கணக்கும் இருக்கிறது.

பல சமயம் எடிட்டரே தேவையில்லை

ஜாவாஸ்கிரிப்ட் கேமின் எண்ணை மாற்ற பிரவுசருக்குள்ளேயே வழி இருக்கிறது. எஃப்12 அழுத்தி கன்சோலைத் திறந்து, மேலே இருக்கும் பட்டியலில் கேமின் ஐஃப்ரேமைத் தேர்ந்தெடுங்கள். இதை மறந்தால் கேமின் மாறிகள் எதுவும் தெரியாது, இல்லவே இல்லை என்று பிழை வரும். ஆர்பிஜி மேக்கர் எம்வி கேம்களில் விளையாடும் குழுவின் தங்கம், பொருள் எல்லாம் கேம்பார்ட்டி என்ற குளோபல் ஆப்ஜெக்டில் இருக்கும், முன்னால் ஒரு டாலர் குறியோடு. அதன் கெய்ன்கோல்ட் ஃபங்ஷனை வேண்டிய தொகையோடு அழைத்தால் முடிந்தது. குக்கீ கிளிக்கரில் கேம் என்ற ஆப்ஜெக்டின் குக்கீஸ் புலத்தில் நேராக எண்ணை எழுதலாம். அப்படிச் செய்தவர்களுக்கென்றே அதில் ஒரு தனிச் சாதனைப் பட்டமும் வைத்திருக்கிறார்கள். மாறிகளை ஃபங்ஷனுக்குள் அடைத்து வைத்திருக்கும் கேம் என்றால் சோர்சஸ் பலகத்தில் நிரலை நிறுத்தும் பிரேக்பாயிண்ட் வைத்து, அது நிற்கும் கணத்தில் எண்ணை மாற்றலாம்.

சேவ் கோப்பு இன்னும் எளிது. அப்ளிகேஷன் பலகத்தில் லோக்கல் ஸ்டோரேஜ், அதில் கேமின் டொமைன். 2048 அதன் உச்ச ஸ்கோரைப் பெஸ்ட்ஸ்கோர் என்ற பெயரில் திறந்தே வைத்திருக்கிறது. மாற்றுமுன் பழைய மதிப்பை நோட்பேடில் நகலெடுத்து வையுங்கள். மாற்றி ரீலோட் செய்ததும் பழைய எண்ணே வந்தால், கேம் மூடும் கணத்தில் தன் நினைவில் இருந்ததை மறுபடி எழுதிவிட்டது என்று அர்த்தம். அதே டொமைனில் கேம் ஓடாத வேறு ஒரு பக்கத்தைத் திறந்து அங்கே இருந்து சேவ் மதிப்பை மாற்றுங்கள், பிறகு கேமுக்குப் போங்கள். ஐஃப்ரேமில் ஓடும் கேமுக்கு இது பெரும்பாலும் ஒத்துவராது: குரோம் 115 முதல் சேமிப்பு போர்ட்டல் வாரியாகப் பிரிக்கப்படுகிறது, ஒரு தளத்தில் இருக்கும் சேவ் இன்னொரு தளத்தில் அதே கேமைத் திறந்தால் தெரியாது.

நம் ஊரில் மட்டும் வரும் சிக்கல்கள்

மொரீஷியஸில் விண்டோஸும் கேம் தளங்களும் பிரெஞ்சில் வருவது சாதாரணம். திரையில் 1 250,5 என்று இருந்தால் நடுவில் இருக்கும் இடைவெளியை விட்டுவிட்டு 1250.5 என்று அடியுங்கள். சீட் எஞ்சின் ஏற்க மறுத்தால் புள்ளிக்குப் பதில் காற்புள்ளி போடுங்கள், அது விண்டோஸின் வட்டார அமைப்பைப் பொறுத்தது. பிரெஞ்சுக் கீபோர்டின் மேல் வரிசையில் மஜ் இல்லாமல் எண் விழாது, வலப்பக்க எண்பலகையைப் பயன்படுத்துங்கள். கிளிக்கர் கேம்களில் பெரிய எண்களுக்கும் கவனம் தேவை: ஆங்கிலத்தில் பில்லியன் என்றால் ஒன்றுக்குப் பின் 9 பூஜ்யம், பிரெஞ்சில் அது மில்லியார், பிரெஞ்சு பில்லியோனுக்கு 12 பூஜ்யம். கேமை ஆங்கிலத்துக்கு மாற்றிவிட்டுத் தேடினால் இந்தக் குழப்பம் இல்லை.

தனியாக விளையாடும் கேமில், உங்கள் கணினியில், உங்கள் எண்ணை மாற்றுவதில் யாருக்கும் நட்டம் இல்லை. கணினி எண்களை எப்படி வைத்திருக்கிறது என்று படிக்க இதைவிட நல்ல வழியும் குறைவு. ஸ்கோர் பட்டியலுக்கு அந்த எண்ணை அனுப்பினால் கதை வேறு. அங்கே இரண்டாம் இடத்தில் இருப்பது இரவெல்லாம் உழைத்து ஏறிய ஒரு பிள்ளையாக இருக்கலாம். இணைப்பு திரும்பும்போது கேம் தானாகவே ஸ்கோரை அனுப்பக்கூடும், ஆகவே சோதனை முடியும்வரை வைஃபையை நிறுத்தியே வையுங்கள். பணம் புழங்கும் கேம்களில், சர்வரையே ஏமாற்ற முயலும் எதிலும் இறங்க வேண்டாம். அனுமதியின்றிப் பிறர் கணினி அமைப்புக்குள் நுழைவது இங்கே 2021-ஆம் ஆண்டின் சைபர் பாதுகாப்பு, சைபர் குற்றச் சட்டப்படி குற்றம். அப்படிப்பட்ட கேம்களுக்குக் காசு ஏற்றித் தருகிறேன் என்று விற்கப்படும் டூல்களில் உங்கள் காசு மட்டும்தான் நகரும்.

முடித்ததும் சீட் எஞ்சினை மூடிவிடுங்கள். அது பின்னால் திறந்திருந்தால், ஆண்டி சீட் காவல் உள்ள டெஸ்க்டாப் கேம்கள் திறக்க மறுக்கும், சிலவற்றில் கணக்கே முடங்கலாம். நீங்கள் தொட்டது ஒரு கிளிக்கரை மட்டும்தான் என்பது அந்தக் காவலுக்குத் தெரியாது. அந்தக் கேம்களைத் தொடங்கும் முன் கணினியை ஒரு முறை ரீஸ்டார்ட் செய்துவிடுவது பாதுகாப்பு.